மட்ரிட் காயோஸ்: குழம்பு கெட்டியாகவே இல்லை, அவசரம்!

தாளிப்பு77: காயோஸ், அதாவது ஸ்பெயின்காரர்களின் மாட்டு இரைப்பைக் குழம்பு, அடுப்பில் இருக்கிறது. மூன்று மணி நேரமாகியும் ரசம் மாதிரி ஓடுகிறது, கசக்கவும் செய்கிறது. நாளை மதியம் ஆட்கள் வருகிறார்கள். சோள மாவு கரைத்து ஊற்றலாமா?

வெண்கலப்பானை: வேண்டாம். முதலில் என்னென்ன போட்டீர்கள்? மாட்டு இரைப்பை மட்டுமா, காலும் மூஞ்சியும் உண்டா? பச்சையாக வாங்கியதா, வேகவைத்து விற்பதா?

மிளகுப்பிரியன்: கசப்புக்குப் பிமென்தோன்தான் காரணம், பந்தயம் கட்டுகிறேன். அந்தப் புகையூட்டிய மிளகாய்த் தூள் சூடான எண்ணெயில் சில நொடியில் கருகிவிடும். வெங்காயம் வதங்கியதும் சட்டியை இறக்கி, தூளைப் போட்டு ஒரு கிளறு, உடனே வேகவைத்த நீரை ஊற்றிவிட வேண்டும்.

பழையகரண்டி: சோள மாவாம்! இது அவசரக்காரர்களின் சாப்பாடு இல்லை தம்பி. 1839 முதல் மட்ரிட்டில் இருக்கும் லார்டி உணவகத்தில் போய்ச் சாப்பிட்டுப் பாருங்கள். உதடு ஒட்ட வேண்டும்.

வெண்கலப்பானை: ஒட்டுவது காலிலிருந்து இறங்கும் பசையால் ஐயா. அதைச் சொல்லிவிட்டுத் திட்டியிருக்கலாம்.

கடலைமாமி: இவ்வளவு எதற்கு? கொண்டைக்கடலையில் ஒரு கைப்பிடி மசித்துப் போட்டால் தானாகக் கெட்டியாகும்.

பழையகரண்டி: மட்ரிட் காயோஸில் கடலை கிடையாது.

கடலைமாமி: கலீசியாவில் கடலையோடுதான் காயோஸ். ஆந்தலூசியாவில் மெனூதோ என்பார்கள், அதிலும் கடலை உண்டு. அவர்களெல்லாம் ஸ்பெயின்காரர்கள் இல்லையா?

பழையகரண்டி: தலைப்பைப் படியுங்கள் அம்மா.

தாளிப்பு77: கால் போடவில்லை, கடையில் தீர்ந்துவிட்டது. இரைப்பை வெந்த பாக்கெட். பிமென்தோன் எண்ணெய் புகைந்தபோது போட்டேன்.

மிளகுப்பிரியன்: சொன்னேனா!

வெண்கலப்பானை: சரி. கன்றுக்கால் இல்லாவிட்டால் பன்றிக்கால், பிளந்து வாங்குங்கள். தனியாகக் குக்கரில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வேகட்டும். எலும்பை எடுத்துவிடுங்கள். கருகிய கசப்பை எடுக்க முடியாது, அதனால் இப்போதுள்ள சாறில் பாதியை வடித்துக் கொட்டிவிட்டு கால் வெந்த நீரை ஊற்றி, மூடாமல் சுண்டவிடுங்கள். சோரிசோவை (மிளகாய்த் தூள் சேர்த்த பன்றித் தொத்திறைச்சி) பிறகு போடலாம். மோர்சியா என்ற இரத்தத் தொத்திறைச்சி கடைசியில்தான், முன்பே போட்டால் உடைந்து கரைந்துவிடும். ராத்திரி பிரிட்ஜில் வைத்தால் காலையில் கத்தியால் வெட்டும்படி உறைந்திருக்க வேண்டும். சூடாக்கும்போது அடி பிடிக்கும், பார்த்துக்கொள்ளுங்கள்.

பழையகரண்டி: குக்கர்...

கடலைமாமி: மட்ரிட்டில் குக்கர் விற்பதில்லையா?

பழையகரண்டி: விற்கிறார்கள். எல்லாவற்றையும் வாங்க வேண்டுமா?

தாளிப்பு77: பன்றிக்கால் கிடைத்தது. உறைந்துவிட்டது. கசப்பு லேசாக இருக்கிறது, யாரும் சொல்லவில்லை. நன்றி.

கடலைமாமி: கடலை போட்டீர்களா இல்லையா?