வால்பகுதித் துப்பாக்கி வீரர்கள் பேசத் தாமதித்தது ஏன்?

கேள்வி:
இரண்டாம் உலகப்போரில் பிரிட்டனின் லங்காஸ்டர் குண்டுவீச்சு விமானங்களின் வாலில் அமர்ந்து காவல் காத்த வீரர்களுள் பலர், முதுமையில்தான் தங்கள் நினைவுகளைப் பொதுவெளியில் பகிர்ந்தார்கள். இவ்வளவு தாமதம் ஏன்?

பதில் 1:
அவர்கள் இருந்த இடத்தை எண்ணிப் பாருங்கள். நான்கு பிரௌனிங் இயந்திரத் துப்பாக்கிகளுடன், மற்ற ஆறு பேரிடமிருந்தும் விலகி, எதிரியின் இரவுப்போர் விமானம் எத்திசையிலிருந்து வருமோ என்று இருளையே பல மணி நேரம் உற்றுநோக்கியபடி, உறைநிலைக்கு வெகு கீழான குளிரில் அமர்ந்திருந்தார்கள். பார்வை மறையக்கூடாது என்பதற்காகச் சிலர் முன்னிருந்த ஒளிபுகும் பிளாஸ்டிக் தகட்டையே கழற்றிவிட்டார்கள். பிரிட்டிஷ் விமானப்படையின் குண்டுவீச்சுப் பிரிவான பாம்பர் கமாண்டின் சுமார் 1,25,000 விமானப் பணியாளர்களில் 55,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அந்த இழப்பை வீட்டாரிடம்கூட எளிதில் சொல்லிவிட முடியாது.

பதில் 2:
துயரம் மட்டுமே காரணம் என்று நான் கருதவில்லை. 1945 பிப்ரவரியில் அவர்களது குண்டுவீச்சில் ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரம் எரிந்த பிறகு, குடிமக்கள் வாழும் நகரங்களைத் தாக்கியது முறையா என்ற கேள்வி அவர்களைத் தொடர்ந்தது. லண்டன் கிரீன் பார்க்கில் அவர்களுக்கான நினைவுச்சின்னமே 2012இல்தான் திறக்கப்பட்டது.

பதில் 3:
இங்கிலாந்தின் லிங்கன் நகரில் உள்ள சர்வதேச பாம்பர் கமாண்ட் மையத்தின் ஆவணக்காப்பகம், வீரர்களின் குரல்களோடு, குண்டுவீச்சுக்கு ஆளான மக்களின் சாட்சியங்களையும் பாதுகாக்கிறது. இரண்டையும் சேர்த்தே கேளுங்கள்.