பெரும்பாக்கம் ஆவணப்படம்: பழைய வீடியோ யாரிடமாவது இருக்கிறதா?

வணக்கம். 2015 வெள்ளத்துக்குப் பிறகு சென்னையின் கூவம், அடையாறு கரைகளிலிருந்து நகரின் தெற்கு ஓரத்தில் உள்ள பெரும்பாக்கம் அடுக்ககங்களுக்கு மாற்றப்பட்ட குடும்பங்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். வீடு கிடைத்தது, சரி. ஆனால் வீட்டுவேலைக்கும் சுமைதூக்கவும் பலர் இன்னும் விடியற்காலை பஸ் பிடித்துப் பழைய பகுதிக்கே போகிறார்கள்.

பேட்டிகள் போதுமான அளவு இருக்கின்றன. வீடுகளை இடிப்பதற்கு முந்தைய கரையோரத் தெருக்களின் காட்சிகள்தான் இல்லை. அங்கே எடுத்த செல்போன் வீடியோ, கல்யாண கேசட், காதுகுத்து ஆல்பம் எதுவானாலும் கொடுங்கள் (கல்யாண வீடியோவில்தான் தெரு முழுசாக விழுந்திருக்கும்). தரம் மோசமானாலும் பரவாயில்லை. செய்திச் சேனல் காட்சிகள் வேண்டாம், அதில் குப்பையைத்தான் காட்டுவார்கள்.

அப்புறம், சிறுவர்களைப் படமெடுக்கப் பெற்றோரிடம் வாங்கும் ஒப்புதல் படிவம் எளிய தமிழில் யாரிடமாவது இருந்தால் உள்பெட்டியில் அனுப்புங்களேன்.