ஜோர்ஜ் என்ற பேருக்கு என்ன அர்த்தம்? வெள்ளைக்காரப் பேரா, கிரேக்கப் பேரா?

கொட்டகலை தகப்பன்:

எல்லோருக்கும் வணக்கம். எங்களுக்கு மூத்த பிள்ளை பிறந்திருக்கிறான், ஆண் பிள்ளை. ஜோர்ஜ் என்று வைக்கலாம் என்று நானும் மனைவியும் முன்பே பேசி வைத்திருந்தோம், அது என் அப்பாவின் பேர். அப்பா தேயிலைத் தோட்டத்தில் கவ்வாத்து, அதாவது செடிகளை வெட்டிவிடும் வேலை செய்தவர், நல்ல கை என்று மற்ற டிவிஷனில் இருந்தும் தேடி வருவார்கள், பேரனைப் பார்க்காமலே போய்விட்டார்.

இப்போது பெரிய மாமா, அதாவது அம்மாவின் அண்ணன், வேண்டாம் என்கிறார். "துரைமார் பேரைக் கொண்டுவந்து நம் பிள்ளைக்கு ஏன்டா வைக்கிறாய், தமிழில் பேருக்கா பஞ்சம்" என்று கேட்கிறார். அவர் பேச்சைச் சும்மா தள்ளிவிட முடியாது. தொழிற்சங்க வேலைக்காகவே ஓடித் திரிந்தவர், பிரஜாவுரிமை இல்லாமல் சனம் அலைந்த காலத்தைக் கண்ணால் பார்த்தவர். இது ஆங்கிலப் பேர் இல்லை, கிரேக்கப் பேர் என்று கோவிலில் பாதர் சொன்னார், அதற்கு மேல் கேட்க நேரம் கிடைக்கவில்லை. அர்த்தம் என்ன, எங்கிருந்து வந்தது, இங்கிலாந்துக்கு எப்படிப் போனது, தெரிந்தவர்கள் எழுதுங்கள். மாமாவுக்கு வாசித்துக் காட்டப் போகிறேன், அதனால் "நல்ல பேர், வையுங்கள்" என்று மட்டும் போடாமல் கொஞ்சம் விவரமாகச் சொன்னால் நல்லது.

பதுளை டீச்சர்:

தம்பி, முதலில் தாய்க்கும் பிள்ளைக்கும் என் வாழ்த்து.

நான் புவியியல் படிப்பிக்கிறவள், அதனால் இந்தப் பேரில் பாதி எனக்குத் தினமும் வாயில் வருகிற சொல். பழைய கிரேக்கத்தில் 'கே' என்றால் மண், நிலம். ஜியோகிரபி, ஜியோலொஜி எல்லாவற்றுக்கும் முன்னால் நிற்பது அதுதான். 'எர்கோன்' என்றால் வேலை, எனர்ஜி என்ற சொல்லுக்குள்ளும் அது இருக்கிறது. இரண்டும் சேர்ந்தால் 'கெயோர்கோஸ்', மண்ணில் பாடுபடுகிறவன், உழவன். அதிலிருந்து வந்த ஆள்பேர் கெயோர்கியோஸ், இன்றைய கிரேக்கர்கள் வீட்டில் கூப்பிடும்போது யோர்கோஸ். கிரேக்கப் பேர்களைப் பார்த்தால் பெருமை பேசுகிறவை நிறைய. அலெக்சாண்டர் என்றால் மனிதரைக் காக்கிறவன், பிலிப் குதிரைப் பிரியன், குதிரை வைத்திருக்க அந்தக் காலத்தில் பணம் வேண்டும், நிக்கலஸ் என்றால் மக்களின் வெற்றி. அவற்றுக்கு நடுவில் மண்வெட்டியோடு நிற்கிற பேர் இது.

வீட்டில் பைபிள் இருந்தால் யோவான் 15ஆம் அதிகாரத்தை எடுத்து மாமாவிடம் கொடுங்கள். முதல் வசனத்தில் "என் பிதா திராட்சத்தோட்டக்காரர்" என்று பழைய தமிழ் மொழிபெயர்ப்பில் இருக்கும். கிரேக்க மூலத்தில் அந்த இடத்தில் உள்ள சொல் கெயோர்கோஸ், அதே சொல். அடுத்த வசனத்தில் அந்தத் தோட்டக்காரர் என்ன செய்கிறார் என்று பாருங்கள். காய்க்காத கொடியை வெட்டி எடுக்கிறார், காய்க்கிற கொடி இன்னும் அதிகமாகக் காய்க்க அதைச் சுத்தம் பண்ணுகிறார். நம் மலையில் அதற்குப் பேர் கவ்வாத்து. உங்கள் அப்பா செய்த வேலை அதுதானே. மூன்று நான்கு வருடத்துக்கு ஒருமுறை முழு மலையையும், அதாவது அதில் உள்ள தேயிலைச் செடி எல்லாவற்றையும், வெட்டி இறக்குவார்கள். கத்தியைச் சாய்த்து ஒரே வீச்சு, பட்டை கிழியக் கூடாது, வெட்டுவாயில் மழைத் தண்ணீர் தேங்கக் கூடாது, தேங்கினால் அந்தக் கொப்பு அழுகிப் போகும். பார்ப்பவருக்கு மலை செத்துப் போன மாதிரி இருக்கும், பிறகு அந்த வெட்டில் இருந்துதான் கொழுந்து வரும். அதைக் கைப்பழக்கத்தில் வைத்திருந்த மனிதருக்கு இந்தப் பேர் பொருந்தவில்லை என்றால் வேறு யாருக்குப் பொருந்தும்? தோட்டக்காட்டான் என்று சொல்லிச் சொல்லியே நம்மைக் கூனிப்போக வைத்தார்கள், வேதப் புத்தகம் கடவுளுக்கே தோட்டக்காரர் வேலையைக் கொடுத்திருக்கிறது. என் வகுப்புப் பிள்ளைகளுக்கு இதை நான் எப்போதும் சொல்வேன்.

பேரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது புனித ஜோர்ஜ். அவரைப் பற்றி வரலாறு வைத்திருப்பது கொஞ்சம்தான். இன்றைய துருக்கியில் உள்ள கப்பதோக்கியாவோடு தொடர்புள்ள போர்வீரர், டயோக்கிளீசியன் என்ற ரோமப் பேரரசன் கிறிஸ்தவர்களை வேட்டையாடிய 303ஆம் ஆண்டு வாக்கில் லித்தா என்ற ஊரில் கொல்லப்பட்டார் என்பது மரபு. இன்று அந்த ஊர் இஸ்ரேலில் லொட், கல்லறைக் கோவில் அங்கேதான் இருக்கிறது. திருநாள் ஏப்ரல் 23. குதிரையில் ஏறி வேல் மாதிரி ஈட்டியால் பறக்கும் நாகத்தைக் குத்துகிற படம் எல்லோருக்கும் தெரியும், அந்தக் கதை அவர் இறந்து பல நூறு வருடம் கழித்துத்தான் சேர்ந்தது.

மாத்தளை மைந்தன்:

டீச்சர் சொன்ன அர்த்தத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் அகராதி சொல்வதோடு ஒரு பேர் முடிந்துவிடாது, அது நம் ஊருக்குள் யாரோடு சேர்ந்து வந்தது என்பதையும் பார்க்க வேண்டும், மாமாவின் பக்கம் நின்று யாராவது பேசத்தான் வேண்டும்.

1815 மார்ச் 2ஆம் திகதி கண்டி மண்டபத்தில் ஒப்பந்தம் போட்டு இந்த மலைநாட்டை யாருக்கு எழுதிக் கொடுத்தார்கள்? மூன்றாம் ஜோர்ஜ் மன்னருக்கு. அவர் அப்போது சித்தம் கலங்கிப் போயிருந்தார், 1811இல் இருந்து ஆட்சியை நடத்தியது அவருடைய மகன், அவர் பேரும் ஜோர்ஜ். அப்புறம் 1820களில் கம்பளைக்குப் பக்கத்தில் சிங்ஹபிட்டியவில் முதல் வணிகக் கோப்பித் தோட்டத்தைப் போட்ட வெள்ளைக்காரர் பேர் என்ன? ஜோர்ஜ் பேர்ட். நம் ஆட்கள் தமிழ்நாட்டில் இருந்து கூலிக்கு வரத் தொடங்கியது அந்தக் காலத்தில்தான், 1823ஐ வைத்துத்தான் 2023இல் மலையகம் 200 என்று தலைமன்னாரில் இருந்து மாத்தளை வரை, அவர்கள் அன்று நடந்து வந்த வழியே, நடைபவனி போனது. எங்கள் ஊர் அந்தப் பாதையின் கடைசி. அந்தக் காட்டு வழியில் வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் விழுந்தவர்களின் பேர் ஒரு புத்தகத்திலும் இல்லை, தோட்டம் போட்டவரின் பேர் மட்டும் எல்லாப் புத்தகத்திலும் இருக்கிறது. 1948இல் பிரஜாவுரிமைச் சட்டம் வந்து நம் சனத்தை நாடற்றவர் ஆக்கியபோது இலங்கைக்கு மன்னராக இருந்தவர் ஆறாம் ஜோர்ஜ். சட்டம் இங்கே உள்ள அரசாங்கத்தின் வேலை, அதில் எனக்குக் குழப்பம் இல்லை, ஆனாலும் அந்தச் சட்டத்தின் கீழ் அலைந்த ஒரு மனிதர் இந்தப் பேரைக் கேட்டவுடன் முகம் சுளித்தால் அதில் நியாயம் இருக்கிறது. மண்ணில் பாடுபடுகிறவன் என்ற பேரை மண்ணில் கால் படாதவர்கள் இருநூறு வருடமாக வைத்திருந்தார்கள், நாம் கேட்டது அவர்கள் வாயில் இருந்துதான்.

வைக்க வேண்டாம் என்று சொல்லவில்லை. மாமாவைப் பழைய ஆள் என்று ஒதுக்கிவிட்டு வைக்க வேண்டாம்.

நானுஓயா ராணி:

எனக்குச் சரித்திரம் அவ்வளவு தெரியாது, ஆனால் இந்தப் பேர் வெள்ளைக்காரனுக்கு முன்பே நம் பக்கத்து மண்ணுக்கு வந்துவிட்டது என்று மட்டும் நிச்சயமாகத் தெரியும். கேரளத்தில் வர்கீஸ், கீவர்கீஸ் என்று கேள்விப்பட்டிருப்பீர்களே, அது ஜோர்ஜ்தான். அங்கே உள்ள பழைய சிரியன் கிறிஸ்தவர்களுக்குப் பேர் வந்தது சிரியாக் மொழி வழியாக, ஆங்கிலேயர் கையில் வாங்கியது இல்லை. பம்பை ஆற்றங்கரையில் எடத்துவா கோவில் இருக்கிறது, ஜோர்ஜியார் கோவில், ஏப்ரல் கடைசியில் கொடியேறினால் மே 7 வரை திருவிழா, தமிழ்நாட்டில் இருந்து, முக்கியமாகக் கன்னியாகுமரிப் பக்கத்தில் இருந்து, கூட்டம் கூட்டமாகப் போவார்கள். எங்கள் அம்மாயியின் சொந்தங்கள் இந்தியாவில் அந்தப் பக்கம்தான், அவர்கள் வீட்டில் தலைமுறைக்கு ஒரு ஜோர்ஜ் உண்டு.

அரபு பேசும் கிறிஸ்தவர்கள் ஜிர்ஜிஸ், கிர்கிஸ் என்பார்கள், ஸ்பெயினில் ஹோர்ஹே, ரஷ்யாவில் யூரி. யூரி ககாரின் பேரும் இதுதான் என்று தெரிந்தபோது எனக்கு அவ்வளவு சந்தோஷம். எத்தியோப்பியாவில் லாலிபெலா என்ற இடத்தில் ஒரே பாறையைக் கீழ்நோக்கிக் குடைந்து சிலுவை வடிவத்தில் ஜோர்ஜியாருக்குக் கோவில் கட்டி வைத்திருக்கிறார்கள், படத்தைத் தேடிப் பாருங்கள், கண்ணை எடுக்க முடியாது. பாலஸ்தீனத்தில் முஸ்லிம்களும் அவர் கோவிலுக்கு வந்து நேர்த்திக்கடன் செய்கிறார்கள்.

எங்கள் அப்பாயி இந்து, கோவிலில் அந்தக் குதிரைப் படத்தைப் பார்த்தால் மதுரை வீரனைக் கும்பிடுகிற மாதிரியே கும்பிட்டுவிட்டு வருவார். யாரும் ஒன்றும் சொன்னதில்லை.

பதுளை டீச்சர்:

மாத்தளைத் தம்பி எழுதியதை இரண்டு தரம் வாசித்தேன், அந்தக் கோபம் எனக்கும் உண்டு. ஒன்று மட்டும் சேர்த்துச் சொல்கிறேன், மாமாவுக்கு இது தேவைப்படும்.

இங்கிலாந்தில் புனித ஜோர்ஜை நாட்டின் காவலராக வைத்துக் கொடியில் அவர் சிலுவையைப் போட்டுக்கொண்டார்களே தவிர, பிள்ளைகளுக்கு அந்தப் பேரை அவ்வளவாக வைக்கவில்லை. 1714இல் ஜெர்மனியின் ஹனோவரில் இருந்து ஒருவரைக் கூட்டிவந்து அரசராக்கினார்கள், அவர் பேர் ஜோர்ஜ், அவர் மகனும் ஜோர்ஜ், மகனுடைய பேரனும் ஜோர்ஜ். அதற்குப் பிறகுதான் பேர் அங்கே பரவியது. ஆயிரம் வருடத்துக்கு மேலாகக் கிரேக்கத்திலும் சிரியாவிலும் எகிப்திலும் கேரளத்திலும் சாதாரணக் குடும்பங்களில் புழங்கிய பேரை இங்கிலாந்து அரச குடும்பம் கடைசியாக வந்து எடுத்தது. தம்பி சொன்ன அந்த மூன்றாம் ஜோர்ஜுக்கு விவசாயத்தில் ஆசை, சொந்தமாகப் பண்ணை நடத்தினார், அதனால் சனம் அவரை 'விவசாயி ஜோர்ஜ்' என்றே கூப்பிட்டது. பேரின் அர்த்தமும் அதுதான். அந்த அர்த்தத்துக்கு நிஜமாக உரிமை உள்ளவர்கள் யார் என்று கேட்டால் நான் கொட்டகலையில் கவ்வாத்துக் கத்தி பிடித்த கையைத்தான் காட்டுவேன், அரண்மனையை இல்லை.

இன்னொன்று. கிரேக்கத்தில் மூத்த மகனுக்கு அப்பாவின் அப்பா பேரை வைப்பது இன்றைக்கும் உள்ள வழக்கம். அதனாலேயே அங்கே தெருவுக்குத் தெரு யோர்கோஸ், 1963இல் இலக்கியத்துக்கு நோபல் வாங்கிய கவிஞர் செபெரிஸ் பேரும் யோர்கோஸ்தான். நம்மிலும் பேரன் என்று சொல்வதே பேரைச் சுமக்கிறவன் என்பதால்தானே. நீங்கள் செய்யப் போவது இரண்டு பக்கத்து வழக்கப்படியும் சரி.

கொட்டகலை தகப்பன்:

எல்லோருக்கும் பெரிய நன்றி. நேற்று ராத்திரி மாமாவை உட்கார வைத்து எல்லாவற்றையும் வாசித்தேன். யோவான் பகுதியைக் கேட்டுவிட்டு "உன் அப்பன் வெட்டின மலையில் ஒரு கொப்பு காய்ந்து நான் பார்த்ததில்லை" என்றார். மாத்தளை அண்ணன் எழுதியதைத் திரும்ப ஒருதரம் வாசிக்கச் சொன்னார், "இந்தப் பையன் விஷயம் தெரிந்தவன்" என்றார். முழுச் சம்மதம் இல்லை. தாத்தா பேர் என்பதால் வை, கூடவே ஒரு தமிழ்ப் பேரும் வை, கூப்பிடும்போது நான் தமிழ்ப் பேரில்தான் கூப்பிடுவேன் என்று முடித்துவிட்டார். எனக்கு அது போதும், அதனால் ஜோர்ஜ் இளங்கோ என்று வைக்கப் போகிறோம்.

கடைசியாக ஒரு கேள்வி, ஜோர்ஜ் என்று பதிவதா ஜார்ஜ் என்று பதிவதா? அப்பாவின் பழைய துண்டுக் கடதாசிகளில் இரண்டும் இருக்கிறது.

லிந்துலை மச்சான்:

இலங்கையில் வழக்கம் ஜோர்ஜ், தமிழ்நாட்டில் ஜார்ஜ், இரண்டிலும் பிழை இல்லை. ஆனால் ஒன்றைப் பிடித்தால் கடைசி வரை அதையே பிடியுங்கள். என் அண்ணன் பேர் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் ஜோஜ், பள்ளிக்கூடப் பதிவில் ஜோர்ஜ், அடையாள அட்டையில் ஜோர்ச். சாதாரண தரப் பரீட்சைக்கு விண்ணப்பம் போடும்போது தொடங்கிய அலைச்சல், சமாதான நீதவானிடம் போய் சத்தியக் கடதாசி முடித்துத்தான் ஓய்ந்தது, அதற்குள் அப்பா எத்தனை நாள் சம்பளத்தை இழந்தார் தெரியுமா, வேலைக்குப் போகாத நாளுக்குச் சம்பளம் ஏது.

அதனால் பதியப் போகும்போது தமிழிலும் ஆங்கிலத்திலும் பேரைப் பெரிய எழுத்தில் ஒரு தாளில் எழுதிக் கையோடு கொண்டு போங்கள், வாயால் சொல்லி எழுத விடாதீர்கள். பதிவாளர் எழுதி முடித்த பிறகு கையெழுத்துப் போடும் முன் ஒவ்வொரு எழுத்தாக வாசியுங்கள், உங்கள் பேரையும் மனைவி பேரையும் சேர்த்து, உங்கள் அடையாள அட்டையில் எப்படி இருக்கிறதோ அப்படியே இருக்க வேண்டும். பிறந்து 42 நாளுக்குள் பதிய வேண்டும், அதைத் தாண்டவிடாதீர்கள்.