வீலம், வெலேரியம்: இரண்டுக்கும் 'திரை' சரிவருமா?

நண்பர்களே,

பெட்டி ஜெல்லிமீன் கலைச்சொல் பட்டியலில் வீலம், வெலேரியம் இரண்டுக்கும் 'திரை' என்றே போட்டிருக்கிறது. இரண்டும் குடையின் விளிம்பிலிருந்து உள்நோக்கி நீளும் சவ்வுகள். குடை சுருங்கும்போது வாயிலைக் குறுக்கி நீரை வேகமாகப் பீய்ச்ச வைப்பவை. வேலை ஒன்று, ஆனால் அமைப்பு வேறு. ஹைட்ரோசோவா (ஹைட்ராவின் வகுப்பு) மெடூசாவின், அதாவது குடை வடிவில் நீந்தும் நிலையின், வீலத்தில் இரைப்பை நாளங்கள் கிடையாது. பெட்டி ஜெல்லிமீனின் வெலேரியத்துக்குள் அவை கிளைவிட்டு ஓடும். இனம் பிரிக்க அந்தக் கிளைகளையே எண்ணுகிறோம். ஆகவே முன்னதற்கு 'மெல்திரை', பின்னதற்கு 'நாளத்திரை'. பாடநூலில் வரும் ஒபீலியா என்ற ஹைட்ரோசோவாவில் மெல்திரையைத் தேடுபவர் ஏமாறுவார், அதில் பெயரளவுக்குத்தான் இருக்கும்.

வெலேரியத்துக்கு 'போலித்திரை' என்ற யோசனை வேண்டாம். எதுவும் போலி இல்லை.

நாளக் கிளைகளை எண்ணிப் பார்க்க விரும்புவோர் கவனிக்க: சாராயத்தில் போட்டால் உடல் சுருங்கி நாளத்திரை மடிந்துவிடும். கடல்நீரில் கலந்த 5% பார்மலின் நல்லது. கறுப்புத் தட்டில் குடையைக் கவிழ்த்து வைத்து, பக்கவாட்டில் ஒளி பாய்ச்சினால் கிளைகள் துலங்கும். கையுறை கட்டாயம், செத்த உயிரியின் கொட்டணுக்களும் வெடிக்கும். நாளத்திரையைக் குடைச்சுவரோடு இழுத்துப் பிடிக்கும் நான்கு தசைப்பட்டைகள் பிரெனுலம். லத்தீனில் சிறு கடிவாளம் என்றே பொருள், 'கடிவாளம்' அப்படியே பொருந்தும்.

அடுத்தது பெடேலியம். 'பாதம்' என்றால் ஹைட்ராவின் அடித்தட்டோடு குழம்பும். உணரிழை தொங்கும் தட்டையான கூழ்த்தண்டு இது, எனவே 'காம்பு'. வகைப்பாடும் இதைப் பிடித்தே நிற்கிறது: கேரிப்டீடா வரிசையில் காம்புக்கு ஓர் இழை, கைரோட்ரோபிடாவில் கிளைத்த காம்பில் பல. முன்னதை 'நான்கிழையி' எனலாம் என்ற யோசனை, சுமார் 1 செ.மீ. குடையும் நான்கே இழைகளும் கொண்ட கரூக்கியா பார்னெசிக்குச் சரி. ஆனால் அதே அளவுள்ள டிரிபெடேலியா சிஸ்டோபோராவுக்கு மூலைக்கு மூன்று காம்பு, மொத்தம் 12 இழை. பெயர் அங்கேயே உடைகிறது. 'ஓரிழைக் காம்பி', 'பல்லிழைக் காம்பி' என்றால் இரண்டும் அடங்கும்.

கண்கள் அமைந்த புலனுறுப்பான ரொபாலியத்துக்கு 'கண்முளை' பாதிதான் சரி. நான்கு பக்கங்களின் நடுவே ஒவ்வொன்று, ஒவ்வொன்றிலும் ஆறு கண்கள், ஆக 24. ஆனால் சமநிலைக்கான கல்லும் அதிலேயே இருக்கிறதே. இப்போதைக்கு 'புலன்முளை' என்று எழுதி வைத்திருக்கிறேன். இதைவிட நல்ல சொல் யாரிடமாவது இருந்தால் சொல்லுங்கள்.