என்னத்த கன்னையா: ஒத்தை வார்த்தை நடிகரா?

பழையரீல்:
நகைச்சுவைத் துணை நடிகர் கன்னையாவுக்கு ரெண்டே வசனம். 1967-இல் டி.ஆர். ராமண்ணாவின் 'நான்' படத்து 'என்னத்த'. 2007-இல் பி. வாசுவின் 'தொட்டால் பூ மலரும்' படத்து 'வரும்... ஆனா வராது'. நடுவில் 40 வருஷம். இந்த ரெண்டையும் எடுத்துட்டா ஊருக்கு என்ன ஞாபகம் இருக்கு? 2012-இல் அவர் இறந்தப்பவும் எல்லாரும் சொன்னது இதைத்தான். பெரிய நடிகர்னு தூக்குறது கொஞ்சம் ஓவர்.

கத்தரிமேசை:
அந்தப் பேர் ஏன் ஒட்டிச்சுன்னு பாருங்க. 'என்னத்த' ஒரு அச்சு மாதிரி. என்னத்த படிச்சு, என்னத்த கிழிச்சுன்னு எந்த வினையையும் உள்ள போடலாம். அதான் வீட்டுக்கு வீடு போச்சு. ஆனா காகிதத்துல அது வெறும் சொல். முதல் அசையை அழுத்தினா கோபம். கடைசியை இழுத்துத் தொங்கவிட்டாத்தான் சலிப்பு.

பழையரீல்:
அந்த இழுவைதான் ஆளை முடக்கிச்சு. முத்திரை விழுந்துட்டா அப்புறம் பாத்திரம் எழுத மாட்டாங்க, வசனத்தை மட்டும் கேப்பாங்க. 2007 காட்சியில சிரிப்பு, எதிர்ல நின்னு கேட்ட வடிவேலுவோடது. மூஞ்சி கோணுறது அவர்தானே?

கத்தரிமேசை:
இல்லை. 'வரும்'னதும் கேட்டவருக்கு நம்பிக்கை வருது. ஒரு மூச்சு இடைவெளி, அப்புறம் 'ஆனா வராது'. இடைவெளி இல்லாட்டி அது வெறும் தகவல். நீண்டுட்டா பாக்கிறவன் முன்னாடியே ஊகிச்சிடுவான். சுருதியும் மாறக்கூடாது: 'வராது'வை இறக்கினா வருத்தம், ஏத்தினா நக்கல். ரெண்டையும் ஒரே அளவு நம்பிச் சொல்றார் மனுஷன். அவரும் மூஞ்சியைக் கோணியிருந்தா வடிவேலுவுக்கு எரிச்சல்பட என்ன இருக்கு?

மூணாம்வரிசை:
இன்னொரு நகைச்சுவைத் துணை நடிகர் ஓமக்குச்சி நரசிம்மனோட ஒப்பிட்டுப் பாருங்க. 'சூரியன்' (1992) படத்துல 'கொசுத்தொல்லை தாங்க முடியல'ன்னு சொன்னது கவுண்டமணி. நரசிம்மனோட ஒல்லி உடம்பு அதுக்கு இலக்கு. இங்க வசனமே கன்னையா வாயில. கதை தெரியாம டிவியில துண்டாப் போட்டாலும் புரியுது. (ஒல்லி உடம்பைச் சும்மா நிறுத்தி வைக்கிறதும் லேசான வேலை இல்லை, அது வேற இழை.)

பழையரீல்:
சரி, அந்த இடைவெளிக் கணக்கை ஒத்துக்கறேன். ஆனா அது ஒரு காட்சி. ஒரு காட்சியை வச்சு ஒருத்தரோட மொத்தத் தொழிலை அளக்க முடியுமா?

கத்தரிமேசை:
துணை நடிகருக்குக் கிடைக்கிறதே ஒரு காட்சிதான். வேற எதை வச்சு அளப்பீங்க?