பிரெஞ்சு 'டாப் 50' கேசட்டுக்குக் கலர் வரவைக்க வழி உண்டா?

வணக்கம் நண்பர்களே. 1984இல் கனால் பிளஸ் சேனலில் தொடங்கிய 'டாப் 50' நிகழ்ச்சியைப் பதிந்த பழைய விஎச்எஸ் கேசட் ஒன்று கிடைத்திருக்கிறது. சிங்கிள் ரெக்கார்டு (ஓரிரு பாட்டு மட்டும் உள்ள இசைத்தட்டு) விற்பனையை வைத்துப் போட்ட பாட்டுப் பட்டியல் அது. தொகுப்பாளர் மார்க் தொஸ்கா. சத்தம் பிரமாதம், படம்தான் கறுப்பு வெள்ளை. பிரான்சில் அப்போது சேகாம் (SECAM) என்ற கலர் டிவி முறை, லண்டனில் என்னிடம் இருப்பது பால் (PAL) என்ற வேறு முறைக்கான பிளேயர்; அதில் சேகாம் கலர் வராது.

சேகாம் கேசட்டைக் கலரில் டிஜிட்டலாக்கித் தரும் ஆள் இங்கே யாராவது தெரியுமா? கேட்ட கடைகளில் பெயரைச் சொன்னாலே முழிக்கிறார்கள்.

அப்புறம், கேசட்டில் தேதி இல்லை. முதலிடப் பாட்டு வருவதற்குள் யாரோ புண்ணியவான் மேலே வானிலை அறிக்கையைப் பதிந்துவிட்டார்! மற்ற இடங்களின் பட்டியலை அனுப்புகிறேன். எந்த வாரம் என்று பார்த்துச் சொல்ல முடியுமா?