எல்லிங்டன் குழுவில் 1940-ல் பேஸ் வாசித்தவர் யார்?

கேள்வி:
பேஸ் கிட்டார் கற்க ஆரம்பித்து இரண்டு வருஷம் ஆகிறது. நேற்று இரவு ஹெட்ஃபோனில் அமெரிக்க ஜாஸ் இசைக்கலைஞர் டியூக் எல்லிங்டன் குழுவின் ‘ஜாக் தி பியர்’ கேட்டேன், 1940-ல் பதிவானது. அத்தனை டிரம்பெட், சாக்ஸஃபோன் முழங்குகிற குழுவில் தொடக்கத்திலும் முடிவிலும் டபுள் பேஸ் (நிற்கவைத்து வாசிக்கிற, பெரிய வயலின் மாதிரியான பேஸ்) தனியாக வந்து பேசுகிறது. மூன்று தடவை திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டுவிட்டேன். வாசித்தவர் ஜிம்மி பிளான்டன் என்று போட்டிருக்கிறது. யார் இவர்? ஆம்ப்ளிஃபையர் இல்லாமல் எப்படி இவ்வளவு தெளிவாகக் கேட்கிறது?

மறுமொழி 1:
பிளான்டனைப் பற்றி ஒருவர் கேட்டதே சந்தோஷமாக இருக்கிறது. டென்னசியில் சட்டனூகா ஊர்க்காரர், 1918-ல் பிறந்தவர். முதலில் வயலின்தான், அப்புறம்தான் பேஸ். செயின்ட் லூயிஸில் வாசித்துக்கொண்டிருந்தவரை 1939 கடைசியில் எல்லிங்டன் கேட்டுவிட்டு, கையோடு தன் குழுவில் சேர்த்துக்கொண்டார். அங்கே ஏற்கெனவே பில்லி டெய்லர் பேஸ் வாசித்துக்கொண்டிருந்ததால் கொஞ்ச காலம் ஒரே மேடையில் இரண்டு பேஸ், 1940 தொடக்கத்தில் டெய்லர் தானாகவே விலகிவிட்டார். 1941-லேயே பிளான்டனுக்குக் காசநோய் முற்றிவிட்டது. 1942 ஜூலையில் கலிஃபோர்னியாவில் இறந்தபோது வயது 23. காசநோய்க்கு மருந்தான ஸ்ட்ரெப்டோமைசினைக் கண்டுபிடித்தது அதற்கு அடுத்த வருஷம். இதை நினைத்தால் எனக்கு இன்னும் மனசு ஆறுவதில்லை.

மறுமொழி 2:
தெளிவாகக் கேட்பதற்குப் பாதிக் காரணம் எல்லிங்டன். பேஸ் பேசும் இடத்தில் மற்றவர்களை அடக்கி வாசிக்கவைத்துத்தான் அவர் எழுதினார். மீதி பிளான்டனுடைய விரல். அன்றைக்குப் பெரும்பாலான பேஸ்காரர்களுக்கு வேலை, ஓர் அளவுக்கு (பார், அதாவது தாளத்தின் ஒரு சுற்று) நாலு அடி போட்டுத் தாளத்தைத் தாங்குவதுதான். இவர் ஒவ்வொரு ஸ்வரத்தையும் நீள ஒலிக்கவிட்டு, சாக்ஸஃபோன்காரர் போடுகிற மாதிரி வேகமான சங்கதிகளை விரலால் மீட்டினார். அடுத்து ‘பிட்டர் பேந்தர் பேட்டர்’ கேளுங்கள், 1940 அக்டோபர். எல்லிங்டனின் பியானோவும் பேஸும் மட்டும், வேறு யாருமே இல்லை. பியானோ ஒரு வரி போட்டு நிறுத்த, பேஸ் அந்த இடைவெளியில் புகுந்து பதில் சொல்கிறது. அதே சமயம் பதிவான ‘சோஃபிஸ்டிகேட்டட் லேடி’யில் வில் போட்டு வாசிக்கிறார், பழைய வயலின் கை அதில் தெரியும்.

மறுமொழி 3:
எல்லாம் சரி, ஆனால் பேஸை முன்னால் கொண்டுவந்தவர் இவர் ஒருவர்தான் என்று ஆகிவிடக் கூடாது. கேப் காலோவே குழுவில் மில்ட் ஹின்டன் 1939-லேயே ‘பிளக்கின் தி பேஸ்’ பதிவு செய்துவிட்டார். கவுன்ட் பேஸி குழுவின் வால்டர் பேஜ் அதற்கும் முன்னால். தந்தியை அறைந்து வாசிக்கிற ஹின்டனின் பாணி வேறு, பிளான்டனின் வாசிப்பு வேறு, இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் தெரிந்துவிடும். மேடையில் பிளான்டன் எப்படி இருந்தார் என்று தெரிய, 1940 நவம்பர் 7 அன்று வட டகோட்டாவின் ஃபார்கோவில் இரண்டு இளைஞர்கள் இசைத்தட்டு வெட்டிப் பதிவு செய்கிற இயந்திரத்தைக் கொண்டுபோய்ப் பதிவு செய்த நடன இரவு இருக்கிறது, அதை விட்டுவிடாதீர்கள்.

கேட்டவர்:
மூன்று பேருக்கும் ரொம்ப நன்றி. பியானோவும் பேஸும் மட்டும் உள்ளதைக் கேட்டேன். கூடவே என் பேஸில் வாசித்துப் பார்க்கிறேன், முதல் எட்டு அளவுகூட இன்னும் பிடிபடவில்லை.

மறுமொழி 2:
வேகத்தைப் பாதியாகக் குறைத்துப் பழகுங்கள். இன்னொன்று, 1972 கடைசியில் எல்லிங்டன் பேஸ்காரர் ரே பிரவுனோடு உட்கார்ந்து, மறுபடி பியானோவும் பேஸும் மட்டுமாக, பிளான்டன் நினைவாக ஒரு முழு ஆல்பம் வாசித்தார். பிளான்டன் போய் அப்போது 30 வருஷம்.